சிமென்டுக்கு மருந்துச் சீட்டு

எங்கள் ஊர் மருத்துவமனையில் சிமென்டுக்கு மருந்துச் சீட்டு எழுதிக் கொடுத்த கதை இப்போது பல ஊர்களில் உலவுகிறது. பரமக்குடி பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்திருந்த ஒருவர் என்னிடமே அதைச் சொன்னார். அவர் சொன்ன கதையில் டாக்டருக்கு மீசை இருந்தது. ஆகவே நடந்ததை நடந்த வரிசையில் எழுதிவிடுவது நல்லது என்று நினைக்கிறேன்.

ஊர் நெடுவாக்குடி. மருத்துவமனையை நடத்துபவர் டாக்டர் நசீமா. நாலு கட்டில், ஓர் ஊசி அறை, ஒரு மருந்துக் கவுன்டர். கவுன்டரில் உட்கார்ந்திருப்பவள் நான், குருவம்மா. ஊரில் பாதி வீட்டு ஆண்கள் அப்போது வளைகுடாவில் இருந்தார்கள். அங்கே கடலுக்கு நடுவே ஒரு மிதக்கும் நகரம் கட்டிக்கொண்டிருந்தார்கள். என் பக்கத்து வீட்டுத் தவமணியின் கணவர் சேதுராசன் அதில் வெல்டர். அவர் போய் மூன்று வருடம் ஆகியிருந்தது. மகள் முத்தரசிக்கு அப்பா என்றால் போனுக்குள் தெரியும் ஒரு முகம். சாப்பிடும்போது போனைச் சொம்பில் சாய்த்துவைத்து, அந்த முகத்துக்கும் ஒரு வாய் சோறு நீட்டுவாள். துடைக்கிற வேலை தவமணிக்கு.

"கூரை போட்டதும் வந்துர்றேன்" என்று சேதுராசன் சொல்லியிருந்தார். அவர்கள் வீட்டில் சுவர் எழும்பி நின்றது, மேலே தார்ப்பாய் கிடந்தது. கான்கிரீட் போட வேண்டியதுதான் பாக்கி. கூரை போடும் நாளைத்தான் தவமணி கணவர் வரும் நாளாக மனதில் வைத்திருந்தாள்.

அந்த வருடம்தான் வாக்குக்காசு வந்தது.

மலைச்சாமி அண்ணனின் ஹார்டுவேர் கடைக்குக் குழாய் வாஷர் வாங்க நான் போயிருந்தேன். தவமணி முத்தரசியை இடுப்பில் வைத்துக்கொண்டு கம்பிக்கும் சிமென்டுக்கும் சொல்லிவிட்டு, பணம் கொடுக்கப் போனை நீட்டினாள். போன் பேசியது. செய்தி வாசிக்கும் பெண் குரல்.

"மன்னிக்கவும். இது மருத்துவச் செலவுக்கு அனுப்பப்பட்ட பணம். சிமென்ட் மருந்தல்ல."

மலைச்சாமி அண்ணன் கண்ணாடியைத் தூக்கிப் பார்த்தார். "என்ன தங்கச்சி, உன் காசு வாய் பேசுது?"

"தெரியலண்ணே. கூரைக்குன்னு சேத்து வச்சதை இந்த மாசந்தான் மொத்தமா அனுப்புனாக. இன்னைக்குத்தான் எடுக்கேன்."

"அப்ப இது வாக்குக்காசு. அனுப்புறவன் அங்க மெஷின் முன்னால நின்னு எதுக்குன்னு ஒரு வாக்குச் சொல்லணும். சொன்னதுக்கு மட்டுந்தான் அது செலவாகும். உழைச்சு அனுப்புற காசு தண்ணியில போவுது, சீட்டுக்காரன் பையில போவுதுன்னு ரெண்டு அரசாங்கமும் சேந்து கொண்டாந்த சட்டம். நல்ல சட்டந்தான். உன் வீட்டுக்காரரு என்ன சொல்லித் தொலைச்சாரு, அதைக் கேளு."

அவள் அங்கேயே போன் போட்டாள். சேதுராசன் தலையில் தொப்பியோடு, வெயிலில் கண்ணைச் சுருக்கிக்கொண்டு திரையில் வந்தார்.

"ஏங்க, மெஷின்கிட்ட எதுக்குன்னு சொன்னீக?"

அவர் இரண்டு பக்கமும் பார்த்துக் குரலை இறக்கினார். "ஆஸ்பத்திரிச் செலவுக்குன்னு."

"யாருக்கு என்ன நோவு?"

"யாருக்கும் ஒண்ணுமில்ல, தவம். அந்த மெஷின் ஊருக்கே கேக்குற மாதிரிக் கத்திக் கேக்குது. எனக்குப் பின்னால ராக்கப்பன் நிக்கிறான். வீடு கட்டன்னு சொன்னா சாயங்காலமே கைமாத்துக் கேட்டு வந்துருவான். கண்ணும் பட்டுரும். ஆஸ்பத்திரின்னு சொன்னா எவனும் கிட்ட வர மாட்டான்ல?"

"ராக்கப்பன் அண்ணன் என்ன சொன்னாக?"

சேதுராசன் தொப்பியைக் கழற்றி மாட்டினார். "அவனும் ஆஸ்பத்திரின்னுதான் சொன்னான்."

"அவுகளுக்குப் பின்னால நின்னவுக?"

"நம்ம ஊர்க்காரன் அத்தனை பேரும் அதத்தான் சொன்னோம்."

மலைச்சாமி அண்ணன் பேனாவைக் கீழே வைத்தார். அவருடைய மருமகனும் அந்த வரிசையில்தான் நின்றிருந்தான்.

"யாருக்குன்னு கேக்கலையா அது?" என்றாள் தவமணி.

"கேட்டுச்சு. நோவுக்குப் போயி உன் பேரையும் பிள்ளை பேரையும் சொல்ல எனக்கு வாய் வரல. வீட்டுல இருக்கிறவங்களுக்குன்னு பொதுவாச் சொல்லிட்டேன்."

"சரி, போயி மாத்திச் சொல்லுங்க."

"ஒப்பந்தம் முடியிற மட்டும் மாத்த முடியாதாம். மாத்துனா முன்னால சொன்னது பொய்யின்னு ஆயிரும். அனுப்புன காசு அம்புட்டும் முடங்கிப்போகும்."

அங்கே யாரோ அவர் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டார்கள். முகம் மறைந்தது. முத்தரசி இருமினாள்.

அந்த வாரத்தில் ஊர் முழுவதும் இதே கதைதான். ஒவ்வொரு போனிலும் பணம் குவிந்து கிடந்தது. மளிகைக்கடையிலும் பள்ளிக்கூடத்திலும் அது செய்தி வாசிக்கும் குரலில் மன்னிப்புக் கேட்டது. காசுள்ள ஊரில் கடன் வாங்கி உலை வைத்தார்கள். நோய் நொடி இல்லாமல் இருப்பது இவ்வளவு பெரிய இடைஞ்சல் என்று யாரும் நினைத்ததில்லை.

தவமணி நேராக எங்கள் மருத்துவமனைக்கு வந்தாள். நான் டாக்டர் அறையில் மாத்திரைப் பெட்டி அடுக்கிக்கொண்டிருந்தேன்.

"டாக்டரம்மா, என்னைய ரெண்டு நாள் கட்டில்ல போடுங்க. பில்லைக் கொஞ்சம் பெருசாப் போட்டு, உங்க சம்பளம் போக மிச்சத்தைக் கையில குடுத்துருங்க. கூரை போட்டுக்கிர்றேன்."

டாக்டர் நசீமா சிரிக்கவில்லை. "பொய்ச்சீட்டு நான் எழுத மாட்டேம்மா. உங்களுக்குத் தெரியாதா?"

"பொய்யில்ல டாக்டரம்மா. நான் நிசமாவே படுத்துக்கிர்றேன்."

முத்தரசி மறுபடி இருமினாள். டாக்டர் அவளைக் கிட்டே இழுத்து நெஞ்சில் குழாயை வைத்தார். அப்புறம் முதுகில் வைத்தார். முகம் மாறியது.

"எத்தனை நாளா இந்த இளைப்பு? பிள்ளை எங்க படுக்குது?"

"சுவரோரமாத்தான்."

டாக்டர் எழுந்தார். வெளியே காத்திருந்தவர்களிடம் "பத்து நிமிஷம்" என்று சொல்லிவிட்டுத் தவமணி வீட்டுக்கு நடந்தார். நானும் போனேன். தார்ப்பாயில் தேங்கிய தண்ணீர் சுவர் வழியே இறங்கி, முத்தரசியின் பாய் கிடக்கும் இடத்தில் கறுப்பாகப் பூத்திருந்தது. டாக்டர் அந்த இடத்தை விரலால் தேய்த்துப் பார்த்தார், கர்ச்சீப்பில் துடைத்தார், திரும்பி வந்து, மருந்துச் சீட்டை எடுத்து எழுதினார். எழுதியதைத் தவமணியின் போனுக்கு வாசித்தும் காட்டினார்.

"நோயாளி முத்தரசி. நோய், ஈரத்தால் வந்த மூச்சிளைப்பு. மருந்து, ஒழுகாத கான்கிரீட் கூரை."

போன் கொஞ்சம் யோசித்தது. "எத்தனை வேளை?"

"மழை பெய்யிற வேளையெல்லாம்."

"பரிந்துரை ஏற்கப்பட்டது" என்றது காசு.

தவமணி டாக்டரைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள், கடைசியில் போனைப் பார்த்து "நன்றிங்க" என்றாள்.

மலைச்சாமி அண்ணன் சீட்டைக் கையில் வாங்கி ரொம்ப நேரம் பார்த்தார். "முப்பது வருசமாக் கடை வச்சிருக்கேன். மருந்துக் கடைன்னு எனக்கே இன்னைக்குத்தான் தெரியுது." கம்பிக்கட்டை வண்டியில் ஏற்றும்போது கேட்டார்: "சாப்பாட்டுக்கு முன்னாலயா தங்கச்சி, பின்னாலயா?"

மறுநாள் மருத்துவமனை வாசலில் வரிசை தெருமுனை வரை நின்றது. யாருக்கும் காய்ச்சல் இல்லை.

டாக்டர் வாசலுக்கு வந்து தெளிவாகச் சொல்லிவிட்டார். "உண்மையை மட்டுந்தான் எழுதுவேன். வீட்டுக்கு வந்து பாப்பேன். உடம்புக்குத் தேவைன்னு எனக்குத் தோணணும். தோணலைன்னா கெஞ்சக் கூடாது."

அப்படியே செய்தார். காலையில் மருத்துவமனை, சாயங்காலம் வீடு வீடாக நடை. சோகை பிடித்த பிள்ளைகள் இருந்த வீட்டுக்குக் கறவை மாடு எழுதினார். "எத்தனை வேளை?" என்று காசு கேட்டது. "காலையில் ஒன்று, மாலையில் ஒன்று." ஏற்கப்பட்டது. தலைவலி என்று வந்த பெண்ணுக்கு, இரண்டு கிலோமீட்டர் நடந்து தண்ணீர் சுமப்பதைப் பார்த்துவிட்டு, ஆழ்குழாய்க் கிணறு எழுதினார். ராக்கப்பனின் மனைவி பொன்னாத்தாள் ஒரு செயின் வேண்டும் என்று வந்தாள்.

"கழுத்து வெறுங்கழுத்தா இருக்கிறதைப் பாத்தா மனசு ஒரு மாதிரியா வருது டாக்டரம்மா."

"உங்களுக்கு ஏற்கெனவே பிரஷர். நகையும் போட்டா திருடன் பயத்துல இன்னும் ஏறும். வேண்டாம்."

"அப்ப மோதிரம்?"

"பொன்னாத்தா."

"சும்மா கேட்டுப் பாத்தேன்."

மோட்டார் சைக்கிள் கேட்டு வந்த பெரியவரின் தொப்பையைத் தட்டிப் பார்த்து சைக்கிள் எழுதினார். அவர் ஒரு வாரம் டாக்டரிடம் பேசவில்லை. ஆனால் சைக்கிளில்தான் முறைத்துக்கொண்டு போனார். மலைச்சாமி அண்ணன் கடைப் பலகையில் மருந்துக் கடை மாதிரிப் பச்சைச் சிலுவை வரைந்துவிட்டார்.

இரவு எட்டு மணிக்குக் கதவைச் சாத்தும்போது டாக்டர் ஒருநாள் சொன்னார்: "நான் படிச்ச புத்தகத்துல நோய்க்கெல்லாம் பேர் இருக்கு, குருவம்மா. மருந்துதான் பாதி தப்பா இருக்கு. தண்ணிக்குழாய், மாடு, கூரைன்னு யாரும் எனக்குச் சொல்லித் தரல."

"மாட்டுக்கு எங்கிட்ட ரேக்கு கிடையாது டாக்டர்" என்றேன்.

தவமணி வீட்டில் கான்கிரீட் போட்ட அன்று நல்ல வெயில். கலவை மெஷின் ஓடியது. வேலை பார்த்தவர்களுக்குக் கேசரியும் வடையும். கூரை காய்ந்து, பலகை பிரித்து, முதல் மழையும் பெய்தது. உள்ளே ஒரு சொட்டு இல்லை. முத்தரசியின் இளைப்பு மெல்ல மெல்ல இறங்கியது. காசு சேதுராசனுக்கும் அவ்வப்போது தகவல் அனுப்பிக்கொண்டிருந்தது: "நோயாளி முத்தரசி தேறி வருகிறார்." அதைப் படித்துவிட்டு அவர் சாரத்தில் நின்றபடி அழுதார் என்று ராக்கப்பன் பொன்னாத்தாளிடம் சொல்லி, பொன்னாத்தாள் ஊருக்கே சொல்லிவிட்டாள்.

தவமணி கூரை முழுவதையும் போனில் காட்டினாள். நான் மருதாணி அரைத்துக் கொடுக்கப் போயிருந்தேன்; திண்டில் உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருந்தேன்.

"மூலையெல்லாம் பாத்தீகளா? சரி, எப்ப வர்றீக?"

"வரணும் தவம். சுத்துச்சுவர் ஒண்ணு எழுப்பிட்டோம்னா..."

"கூரைன்னுதான சொன்னீக?"

"கூரைதான். ஆனா வாசல்ல கேட் போடாத வீடு பாக்க நல்லாவா இருக்கும்? லீவும் கேட்டேன். சூப்பர்வைசர், வீட்டுல சாவா கல்யாணமான்னு கேக்கான். ரெண்டும் இல்லைன்னா லீவு இல்லைங்கான். முத்தரசி கல்யாணத்துக்குன்னா..."

"அவளுக்கு நாலு வயசுங்க."

போனை வைத்த பிறகு தவமணி அழவில்லை. சுத்துச்சுவருக்கு எத்தனை செங்கல் ஆகும் என்று என்னிடம் கேட்டாள். கேட்டுவிட்டுப் பதிலுக்குக் காத்திருக்காமல் உள்ளே போனாள். சுத்துச்சுவருக்கு அப்புறம் மாடி, மாடிக்கு அப்புறம் மாடிக்கு ஒரு கைப்பிடி. அவளுக்கு அது தெரிந்துவிட்டது.

மறுநாள் அவள் மருத்துவமனைக்கு வந்தபோது கையில் எந்தக் கோரிக்கையும் இல்லை.

"கழுத்து வலிக்கு டாக்டரம்மா. ஒரு மாத்திரை குடுங்க, போதும்."

"எந்தப் பக்கம்?"

"வலப்பக்கம்."

டாக்டர் கழுத்தைப் பிடித்துத் திருப்பிப் பார்த்தார். "போன்ல பேசும்போது இப்படித்தான சாஞ்சு உக்காருவீங்க?"

"பிள்ளையும் நானும் ஒண்ணாத் தெரியணும்ல. சின்ன ஸ்க்ரீன்."

"சாப்பாடு?"

"சாப்பிடுறேன்."

"என்ன சாப்பிடுறீங்க?"

"ரசம், முட்டை. மீனு வாங்கி ரொம்ப நாளாச்சு. ரெண்டு பேருக்கு யாரு உக்காந்து மீன் கொழம்பு வைப்பா?"

"தூக்கம்?"

தவமணி கண்ணைக் கசக்கிக்கொண்டாள். டாக்டர் அவள் எடையைப் பார்த்தார், ரத்த அழுத்தத்தைப் பார்த்தார், கண்ணிமையை இழுத்துப் பார்த்தார். பிறகு எழுத ஆரம்பித்தார். கூரைக்கு எழுதியதைவிட அதிக நேரம் எடுத்தது. சீட்டு கவுன்டர் வழியாக என்னிடம் வந்தது. படித்தேன். இன்னொரு முறை படித்தேன். எழுந்து உள்ளே போனேன்.

"டாக்டர், இந்த மருந்து நம்மகிட்ட ஸ்டாக் இல்ல."

"தெரியும். வெளியில வாங்கிக்கச் சொல்லுங்க."

"வெளியிலன்னா ரொம்ப வெளியில இருக்கு."

தவமணி எட்டிச் சீட்டைப் பார்த்தாள். மருந்து என்ற இடத்தில் 'சேதுராசன்' என்று எழுதியிருந்தது. அவள் காதுவரை சிவந்துபோனாள். "என்ன டாக்டரம்மா இது, நாலு பேரு பாத்தா..."

"உண்மையைத்தான் எழுதுவேன்னு சொன்னேன்ல. போனைக் குடுங்க."

டாக்டர் வாசித்தார். நோயாளி தவமணி, கழுத்து வலி, எடைக் குறைவு, உறக்கமின்மை, மருந்து, சேதுராசன், கணவர்.

"எத்தனை வேளை?" என்றது காசு.

"மூன்று வேளை. சாப்பாட்டுக்கு முன்னாலும் பின்னாலும்."

நான் வாயைப் பொத்திக்கொண்டேன்.

"எத்தனை நாள்?"

இதற்கு மட்டும் டாக்டர் யோசித்தார். தவமணியைப் பார்த்தார். எப்போதும் என்று எழுத அவருக்கு ஆசை இருந்திருக்கும். எப்போதும் என்று எழுதினால் அடுப்பு எப்படி எரியும் என்ற கணக்கும் இருந்திருக்கும். "முதல் தடவை மூன்று மாதம். அதற்குப் பிறகு ஆண்டுக்கு இரண்டு மாதம். நிறுத்தக் கூடாது."

போனில் வட்டம் சுற்றிக்கொண்டே இருந்தது. ஊசி அறையில் அழுத குழந்தை ஓய்ந்துவிட்டது. தவமணி சேலை முந்தானையை விரலில் சுற்றி, அவிழ்த்து, மறுபடி சுற்றினாள். மறுத்துவிட்டால் அவள் இனி யாரிடமும் கேட்கப்போவதில்லை என்று அவளைப் பார்த்த எனக்குத் தெரிந்தது.

"பரிந்துரை ஏற்கப்பட்டது" என்றது காசு. "இம்மருந்து வெளிநாட்டில் இருப்பில் உள்ளது. வரவழைக்கும் விமானச் செலவு கணக்கில் கழிக்கப்படுகிறது."

அதற்கு மேல் நடந்தது சேதுராசன் பிற்பாடு சொன்னது. சூப்பர்வைசர் அவரைக் கன்டெய்னர் ஆபீஸுக்குக் கூப்பிட்டிருக்கிறார். அவர் நம் பக்கத்து ஆள்தான், தஞ்சாவூர். வேலை போச்சு என்று நினைத்துக்கொண்டு சேதுராசன் போயிருக்கிறார்.

"என்னய்யா செஞ்சு வச்சிருக்கே? ஒன்னைய மருந்துன்னு எழுதி அனுப்பிருக்காங்க."

"என்னையவா சார்?"

"மருந்தை நிறுத்தி வச்சா கம்பெனிக்கு அபராதமாம். அந்த மெஷின் எனக்கே மூணு தடவை போன் போட்டுருச்சு. மொதல்ல பெட்டியக் கட்டு."

தங்குமிடத்தில் ராக்கப்பன்தான் பெட்டியைக் கட்டிக் கொடுத்தானாம். "மருந்துன்னா கசக்கும்னு கேள்விப்பட்டிருக்கேன் மாப்ள. ஒன்னைய மூணு வருசமாப் பாக்குறேன், சரியாத்தான் எழுதிருக்காக."

அவர் வந்து இறங்கிய அன்று நாங்கள் எல்லோரும் தெருவில்தான் நின்றோம். முத்தரசி மட்டும் கதவுக்குப் பின்னால் நின்றுகொண்டு வெளியே வரவில்லை. போனில் சிரித்த முகம் இவ்வளவு உயரமாக, கை காலோடு, வேர்வை வாசத்தோடு வரும் என்று அவள் எதிர்பார்க்கவில்லை. கடைசியில் மெல்ல வந்து, ஒரு விரலால் அவர் கன்னத்தைத் தொட்டுப் பார்த்தாள்.

"சிக்னல் போயிருமா?" என்று கேட்டாள்.

"போகாதுத்தா" என்றார் சேதுராசன். அந்த விரலைக் கன்னத்தோடு சேர்த்துப் பிடித்துக்கொண்டார்.

அன்று மதியம் அந்த வீட்டில் மீன் குழம்பு. தெரு முழுக்க மணந்தது. மூன்று மாதமும் அவர் சும்மா இருக்கவில்லை. சுத்துச்சுவரைத் தானே எழுப்பினார். கேட்டைத் தானே வெல்டிங் வைத்தார். ஞாயிற்றுக்கிழமைகளில் டாக்டரிடம் வந்து, "நோயாளி எப்படியிருக்காக?" என்று கேட்பார். "எடை கூடியிருக்கு, மருந்து வேலை செய்யுது" என்பார் டாக்டர். தவமணி, "ரெண்டு பேரும் சும்மா இருங்க" என்பாள். பொன்னாத்தாள் மோதிரப் பேச்சை விட்டுவிட்டாள். அவளுக்கும் கழுத்து வலி வந்தது. டாக்டர் வீட்டுக்குப் போய்ப் பார்த்தார். வலி உண்மை. எழுதினார். பிறகு மலைச்சாமி அண்ணனின் மகளுக்கும் எழுதினார். அந்த ஆடி மாதம் மிதக்கும் நகரத்தில் எங்கள் ஊர் ஆள் பாதிதான் இருந்ததாம். கம்பெனி கடைசியில் லீவுக்கென்று ஒரு முறைமை எழுதவேண்டி வந்தது.

மூன்று மாதம் முடிந்து சேதுராசன் திரும்பிப் போனார். முத்தரசி பஸ் நிறுத்தம் வரை கையைப் பிடித்துக்கொண்டு போய், அடுத்த டோஸ் எப்போது என்று கேட்டு வைத்துக்கொண்டாள். தவமணி அழுதாள்தான். ஆனால் அது தேதி தெரிந்த அழுகை.

இனி ஒன்றுதான் பாக்கி. இது ராக்கப்பன் சொன்னது. அவனிடம் எதுவும் தங்காது என்பதால் நம்பலாம்.

அதற்குள் அரசாங்கத்துக்கு விஷயம் எட்டிவிட்டது. நெடுவாக்குடி மாதிரி இன்னும் பல ஊர் ஆண்கள் அதே வரிசையில் நின்று அதே பொய்யைச் சொல்லியிருந்தார்கள். ஆகவே ஒரு சலுகை கொடுத்தார்கள்: தவறான காரணம் சொன்னவர்கள், அபராதம் இல்லாமல், ஒருமுறை மாற்றிச் சொல்லிக்கொள்ளலாம். சம்பள நாளில் மெஷின் முன்னால் பெரிய வரிசை. சேதுராசனின் முறை வந்தது. பின்னால் ராக்கப்பன்.

"நோக்கத்தை மாற்ற விரும்புகிறீர்களா?" என்று மெஷின் எல்லோருக்கும் கேட்கிற மாதிரிக் கத்தியது. "வீடு, கல்வி, திருமணம், விவசாயம், மற்றவை."

சேதுராசன் இந்த முறை திரும்பிப் பார்க்கவில்லை, குரலை இறக்கவும் இல்லை.

"ஆஸ்பத்திரிச் செலவுக்கே இருக்கட்டும்."

"யாருக்கு?"

"வீட்டுல இருக்கிறவங்களுக்கு" என்றவர், கொஞ்சம் நின்று, "எனக்கும் சேத்துத்தான்" என்றார்.

"ஏற்கப்பட்டது. அடுத்தவர்."

ராக்கப்பன் முன்னால் வந்து தொண்டையைச் செருமிக்கொண்டு சொன்னான்: "இப்ப அவரு என்ன சொன்னாரோ, அதேதான்."